பயோபிரிண்டிங் ஆசைக்கு எது வழி: கோலாலம்பூர் ஆய்வகமா, பினாங்குத் தொழிற்சாலையா, சிங்கப்பூரா?

பயோமெடிக்கல் இன்ஜினியரிங் கடைசி ஆண்டில் இருக்கும் நம் பிள்ளைகள் பலருக்கு, உயிருள்ள செல்களை அச்சிட்டுத் திசு செய்யும் பயோபிரிண்டிங் மேல் ஒரு கண். காது அச்சிட்டார்கள், கல்லீரல் அச்சிட்டார்கள் என்று காணொளி பார்த்துவிட்டு வருகிறார்கள். வீட்டில் கேட்கும் கேள்வி வேறு: அதைப் படித்தால் மலேசியாவில் வேலை இருக்கிறதா, பி.டி.பி.டி.என் என்ற உயர்கல்விக் கடனை யார் கட்டுவது? இரண்டு தரப்புக்கும் சேர்த்துத்தான் இதை எழுதுகிறேன். கோலாலம்பூரில் திசுப் பொறியியலில் ஆய்வு முதுகலை முடித்துவிட்டு, இப்போது பினாங்கின் செபராங் பிறையில் ஒரு மருத்துவச் சாதனத் தொழிற்சாலையின் தரப் பிரிவில் இருக்கிறேன். இரண்டு பக்கமும் கொஞ்சம் தெரியும். என் சாய்வும் இதில் இருக்கும், அதையும் கணக்கில் எடுத்துக்கொண்டு படியுங்கள்.

முதலில் ஒன்றைச் சொல்லிவிடுகிறேன், மற்ற கணக்கெல்லாம் அதிலிருந்துதான் வரும். இந்தத் துறையில் பிரிண்டர்தான் இருப்பதிலேயே சுலபமான பகுதி. கிளெம்சன் பல்கலைக்கழகத்தில் தாமஸ் போலண்ட் சாதாரண இங்க்ஜெட் பிரிண்டரை மாற்றி உயிருள்ள செல்களை அச்சிட்டுக் காட்டி இருபது ஆண்டுக்கு மேல் ஆகிறது. இன்று மலிவான முப்பரிமாண மேசைப் பிரிண்டரில் சிரிஞ்சைப் பொருத்தி மாணவர்களே பயோபிரிண்டர் செய்துகொள்கிறார்கள். ஆனால் நோயாளியின் உடம்புக்குள் போய்ச் சேர்ந்த பெயர்பெற்ற வேலைகளை எடுத்துப் பாருங்கள். அமெரிக்காவில் அந்தோணி அட்டாலா குழு ஆய்வகத்தில் வளர்த்த சிறுநீர்ப்பைத் திசுவை 7 நோயாளிகளுக்குப் பொருத்தி, அந்த முடிவுகளை 2006இல் லான்செட் இதழில் வெளியிட்டது. அதில் செல்களைக் கையால்தான் ஏற்றினார்கள். நம் நாட்டிலேயே, கோலாலம்பூர் செராஸில் மலேசிய தேசியப் பல்கலைக்கழகத்தின், அதாவது யு.கே.எம்மின், மருத்துவ மையத்தில் பேராசிரியர் ருஸிமா இட்ருஸ் குழு உருவாக்கிய மைடெர்ம் தோல் இருக்கிறது. நோயாளியின் சிறு தோல் துண்டிலிருந்து இரண்டு வகைச் செல்களைப் பிரித்துப் பெருக்கி, அவருடைய ரத்தத்திலிருந்தே எடுத்த ஃபைப்ரின் என்ற உறைபுரதத்தில் கலந்து, இரண்டு அடுக்காக உருவாக்குகிறார்கள். அதிலும் பிரிண்டர் இல்லை. பிரிண்டரில் செய்த காது 2022இல் ஓர் இளம்பெண்ணுக்குப் பொருத்தப்பட்டது உண்மைதான். ஆனால் குருத்தெலும்புக்கு ரத்தக்குழாய் தேவையில்லை, அதனால்தான் காது முதலில் வந்தது. மற்றத் திசுக்களில் ரத்தக்குழாயிலிருந்து 100, 200 மைக்ரானுக்கு அப்பால் இருக்கும் செல்லுக்கு ஆக்சிஜன் எட்டாது. கல்லீரல், சிறுநீரகம் என்று பெரிதாக அச்சிடுவது அங்கேதான் நிற்கிறது.

ஆகவே எந்த ஆய்வகத்தில் விலை உயர்ந்த பிரிண்டர் இருக்கிறது என்று பார்த்து இடம் தேடுவதில் பொருள் இல்லை. செல் எங்கிருந்து வருகிறது, பக்கத்தில் அறுவை மருத்துவர் இருக்கிறாரா, செய்ததை அரசாங்கத்திடம் பதிவு செய்யும் வழி தெரிந்தவர் யார்? நான் ஒவ்வொரு வழியையும் எடை போடுவது இந்த மூன்றை வைத்துத்தான்.

கோலாலம்பூரை எடுத்துக்கொள்வோம். நடைமுறையில் இரண்டு வாசல். ஒன்று லெம்பா பந்தாயில் இருக்கும் மலாயாப் பல்கலைக்கழகம், அதாவது யு.எம். பயோமெடிக்கல் இன்ஜினியரிங் துறை பொறியியல் புலத்துக்குள் இருக்கிறது, பல்கலைக்கழக மருத்துவமனை பக்கத்திலேயே. இன்னொன்று செராஸில் இருக்கும் யு.கே.எம். அங்கே திசுப் பொறியியல் துறை மருத்துவப் புலத்தின் கீழ், துவாங்கு முஹ்ரிஸ் மருத்துவமனையோடு ஒட்டி இருக்கிறது. வெளியிலிருந்து பார்த்தால் இரண்டும் ஒன்றுபோலத் தெரியும், உள்ளே வாழ்க்கை வேறு. யு.எம்மில் நீங்கள் பொறியாளர்களுக்கு நடுவே இன்னொரு பொறியாளர். அழுத்தம், பாகுத்தன்மை, முனையின் விட்டம், மென்பொருள் என்று பேச்சு போகும். செராஸில் மருத்துவர்களுக்கும் உயிரியல் ஆட்களுக்கும் நடுவே நீங்கள் ஒருவர்தான் இயந்திரம் தெரிந்தவர். முதல் ஆறு மாதம் செல் வளர்ப்பைத் தவிர வேறெதுவும் ஓடாது. அச்சத்தோடு சேர்வீர்கள், ஆனால் நான் முதலில் சொன்ன மூன்றில் இரண்டு அந்தக் கட்டடத்துக்குள்ளேயே இருக்கும். ஒரு எச்சரிக்கை: பிற்காலத்தில் பொறியியல் விரிவுரையாளராக வேண்டும் என்ற எண்ணம் இருந்தால், பொறியாளர் வாரியப் பதிவையும் 'இர்' என்ற தொழில்முறைப் பொறியாளர் தகுதியையும் எதிர்பார்ப்பார்கள். மருத்துவப் புலத்தில் ஆய்வு செய்கிறவர்கள் அந்தப் பதிவை விட்டுவிடாமல் பார்த்துக்கொள்ள வேண்டும்.

அன்றாட வேலை எப்படி இருக்கும்? செல்லுக்குத் தீபாவளியும் தெரியாது, சனி ஞாயிறும் தெரியாது. 37 டிகிரி, 5 விழுக்காடு கார்பன் டை ஆக்சைடு, இரண்டு மூன்று நாளுக்கு ஒருமுறை ஊட்டச் சாறு மாற்ற வேண்டும். ஊருக்குப் போவதென்றால் யாரிடமாவது ஒப்படைத்துவிட்டுத்தான் போக முடியும். காலையில் இன்குபேட்டரைத் திறக்கும்போது இளஞ்சிவப்பாக இருக்க வேண்டிய சாறு மஞ்சளாகக் கலங்கிக் கிடந்தால் பாக்டீரியா புகுந்துவிட்டது என்று பொருள். மூன்று வார வேலையை ப்ளீச் ஊற்றிக் கொட்டிவிட்டு மறுபடி முதலிலிருந்து ஆரம்பிக்க வேண்டியதுதான்.

அச்சிடும் நாளின் கதை தனி. பயோஇங்க் என்பது செல்லைக் கலந்து அச்சிடும் கூழ். ஜெலட்டினும், கடற்பாசியிலிருந்து வரும் அல்ஜினேட்டும் கலந்த பயோஇங்க், அறை 22, 23 டிகிரியில் இருக்கும்போது அழகாக நூல் மாதிரி இறங்கும். மாலையில் கட்டடத்தின் ஏர்கோன் தானாக நின்றுவிடும். அறை 28, 29 டிகிரிக்கு ஏறியதும் அதே இங்க் இளகி, மூன்றாவது அடுக்கு போடும்போது முதல் அடுக்கு பரந்து உட்கார்ந்துவிடும். வெளிநாட்டுக் கட்டுரையில் போட்டிருக்கும் அழுத்தமும் வேகமும் இங்கே அப்படியே செல்லாமல் போவதற்கு இதுபோன்ற அற்பமான காரணங்கள்தான் பெரும்பாலும். சரி, முனையை மெல்லியதாக மாற்றி, அழுத்தத்தைக் கூட்டிப் பார்க்கலாமே என்று தோன்றும். கோடு அழகாக வரும், செல் செத்துப்போகும். மறுநாள் சாயம் போட்டு நுண்ணோக்கியில் பார்த்தால் பச்சையாக ஒளிர வேண்டிய இடமெல்லாம் சிவப்பு. கோட்டின் அழகுக்கும் செல்லின் உயிருக்கும் நடுவில் அளவு கண்டுபிடிப்பதுதான் இந்தத் துறையில் பொறியாளரின் உண்மையான வேலை. இதில் சலிப்பு வராதவர்கள் தாக்குப்பிடிப்பார்கள்.

கோலாலம்பூருக்கு இன்னொரு தனிச் சிறப்பு உண்டு, அதை அதிகம் பேர் கவனிப்பதில்லை. உலகம் முழுக்கப் பயன்படும் ஜெலட்டின் இங்க் பெரும்பாலும் பன்றித் தோலிலிருந்து வருவது. இங்கே ஹலால் கேள்வி உடனே எழும். மாட்டுக் கொலாஜன் என்றால் நம் வீடுகளில் சிலர் முகம் சுளிப்பார்கள். மீன் ஜெலட்டின் இரண்டு சிக்கலையும் தீர்க்கும், ஆனால் குளிர்கடல் மீனின் ஜெலட்டின் நம் அறை வெப்பத்தில் கெட்டியே ஆகாது. திலாப்பியா போன்ற வெப்பநாட்டு மீன் கொஞ்சம் பரவாயில்லை. செராஸ் ஆய்வாளர்கள் செம்மறி ஆட்டின் தசைநாணிலிருந்து கொலாஜன் எடுத்துப் பல ஆண்டுகளாக வேலை செய்கிறார்கள். இது வெறும் மதம் சார்ந்த சங்கதி என்று நினைக்காதீர்கள். பணக்கார ஆய்வகங்களோடு பிரிண்டரில் போட்டி போட முடியாத நாம், மூலப்பொருளில் போட்டி போடலாம். முனைவர் பட்டத்துக்குத் தலைப்புத் தேடுகிறவர்கள் இங்கே தோண்டலாம்.

தேவையும் கண்முன்னே இருக்கிறது. 2023ஆம் ஆண்டு தேசிய சுகாதார ஆய்வின்படி மலேசியாவில் வயது வந்தோரில் 15.6 விழுக்காட்டினருக்கு நீரிழிவு. இனவாரியாகப் பார்த்தால் இந்தியர்களே முதலிடம். காலில் ஆறாத புண், விரலை எடுத்தார்கள், அப்புறம் முழங்காலுக்குக் கீழே எடுத்தார்கள் என்ற பேச்சு நம் குடும்பங்களில் புதிதல்ல. முழு உறுப்பு அச்சிடும் கனவைவிட, ஆறாத புண்ணை மூடும் தோல்தான் இந்த நாட்டில் இந்தத் துறை முதலில் காலூன்றும் இடம் என்பது என் எண்ணம்.

கோலாலம்பூரின் பலவீனம் பணம். ஆய்வு மாணவருக்கு ஜி.ஆர்.ஏ என்ற பெயரில் கொடுக்கும் படி 2,000 வெள்ளியை ஒட்டியே இருக்கும், கொஞ்சம் மேலேயோ கீழேயோ. பெரும்பாலும் இ.பி.எஃப் என்ற சேமநிதி பிடிக்கமாட்டார்கள். 2025 பிப்ரவரியிலிருந்து நாட்டின் குறைந்தபட்சச் சம்பளமே 1,700 வெள்ளி என்பதை வைத்துப் பார்த்தால், முதல் வகுப்பில் தேறிய ஒரு பொறியாளருக்கு அது எவ்வளவு குறைவு என்று புரியும். பிரிக்பீல்ட்ஸில் அறை எடுத்துத் தங்குவதா, கிள்ளானிலிருந்து கே.டி.எம் பிடித்து வருவதா என்பதெல்லாம் அறிவியல் கேள்வி அளவுக்கே முக்கியமாகிவிடும். படித்து முடித்த பிறகும் விரிவுரையாளர் இடங்கள் குறைவு. செல் சிகிச்சை செய்யும் தனியார் நிறுவனங்கள் சைபர்ஜெயா, பெட்டாலிங் ஜெயா பக்கம் உண்டு, ஆனால் கை விட்டு எண்ணிவிடலாம்.

இப்போது பினாங்கு. 1972இல் பாயான் லெப்பாஸ் தடையற்ற தொழில் வட்டாரம் தொடங்கிய காலத்திலேயே பி.பிரவுன் வந்துவிட்டது. இன்று இரண்டாவது பாலத்தின் இந்தப் பக்கம், பத்து காவானில், பாஸ்டன் சயின்டிஃபிக், ஸ்மித் அண்ட் நெஃப்யூ, டெக்ஸ்காம் என்று வரிசையாக நிற்கின்றன. கதீட்டர், செயற்கை மூட்டு, சர்க்கரை அளக்கும் சென்சார் எல்லாம் இங்கே தயாராகின்றன. புதிதாகச் சேரும் பொறியாளருக்கு 3,000 வெள்ளிக்கு மேல் தொடங்குவது சகஜம், இ.பி.எஃப், மருத்துவ அட்டை, போனஸ் தனி. வீட்டில் சொல்ல எளிதான வேலை.

ஆனால் தெளிவாகச் சொல்லிவிடுகிறேன்: இந்தத் தொழிற்சாலைகளில் உயிருள்ள செல்லை நீங்கள் தொடப்போவதில்லை. நாள் முழுக்கக் காகிதம். ஒரு இயந்திரத்தை நிறுவினால் ஐ.க்யூ, அதன் எல்லைகளைச் சோதித்தால் ஓ.க்யூ, தொடர்ந்து சரியாக ஓடுகிறது என்று நிரூபித்தால் பி.க்யூ. ஒட்டும் பசையின் சப்ளையர் மாறினால்கூட இடர் ஆய்வைத் திறந்து பார்த்து, தேவைப்பட்டால் பாதியை மறுபடி செய்ய வேண்டும். ஐ.எஸ்.ஓ 13485 தரமும், இடர் மேலாண்மைக்கான 14971ம் மனப்பாடம் ஆகிவிடும். ஆய்வுக் கனவோடு வந்தவர்களுக்கு முதல் ஆண்டு கசக்கும்.

கசந்தாலும் இதன் மதிப்பு பின்னால் தெரியும். மலேசியாவில் ஒரு திசுப் பொருள் நோயாளியிடம் போக இரண்டு கதவு. செல் இல்லாத வெறும் சாரம், அதாவது செல் ஒட்டி வளர்வதற்கான ஸ்கேஃபோல்ட், பொதுவாக மருத்துவச் சாதனமாகக் கருதப்படும். 2012ஆம் ஆண்டு மருத்துவச் சாதனச் சட்டத்தின் கீழ் எம்.டி.ஏ என்ற மருத்துவச் சாதன ஆணையம் அதை ஏ முதல் டி வரை நான்கு வகுப்பில் ஒன்றாகப் பதிவு செய்யும். உயிருள்ள செல்லை ஏற்றிவிட்டால் கதை மாறிவிடும். அது செல் சிகிச்சைப் பொருள், என்.பி.ஆர்.ஏ என்ற மருந்துக் கட்டுப்பாட்டுப் பக்கம் போக வேண்டும். கிருமி நீக்கத்திலேயே இந்த வேறுபாடு தெரியும். வெறும் சாரத்தைப் பெட்டியில் போட்டு மூடிய பிறகு எத்திலீன் ஆக்சைடு வாயுவிலோ காமா கதிரிலோ கிருமி நீக்கலாம். பினாங்கு அதைக் கண்ணை மூடிக்கொண்டு செய்யும். செல் ஏற்றிய திசுவை அப்படிச் செய்தால் செல்லும் சேர்ந்து செத்துவிடும், அதனால் தொடக்கத்திலிருந்து கடைசி வரை கிருமி புகாமலே தயாரிக்க வேண்டும். அதற்கான அனுபவம் கோலாலம்பூர் பக்கம்தான். இரண்டையும் கொஞ்சமாவது தெரிந்தவர்கள் நாட்டில் மிகக் குறைவு. அந்தக் குறைவுதான் உங்களுக்கான இடம்.

பினாங்கில் இருந்துகொண்டே ஆய்வைத் தொட ஒரு வழியும் உண்டு. பினாங்கின் அறிவியல் பல்கலைக்கழகமான யு.எஸ்.எம்மின் பொறியியல் வளாகம் நிபோங் தெபாலில் இருக்கிறது, பத்து காவானிலிருந்து காரில் பக்கம்தான். அங்கே பொருள் அறிவியல் புலத்தில் எலும்புக்கான பயோமெட்டீரியல் ஆய்வு நடக்கிறது. வேலை பார்த்துக்கொண்டே பகுதிநேர முதுகலைக்கு முயலலாம். செல் வளர்ப்பு வேண்டும் என்றால் இது கடினம், ஏனென்றால் செல் உங்கள் ஷிப்டுக்காகக் காத்திருக்காது. சாரம், பீங்கான், பாலிமர் போன்ற தலைப்பு என்றால் சாத்தியம்.

இதில் ஒரு பொறியும் இருக்கிறது. மூன்று ஆண்டு வேலை பார்த்துவிட்டு ஆய்வுக்குத் திரும்புகிறேன் என்று சொல்லிப் போனவர்களில் நான் பார்த்த பலர் திரும்பவில்லை. கார் லோன், வீட்டு முன்பணம், கல்யாணம். சம்பளம் 5,000 வெள்ளியைத் தொட்ட பிறகு 2,000 வெள்ளிக்கு இறங்கச் சொல்லி யாரையும் கேட்க முடியாது. திரும்ப வேண்டும் என்றால் முதல் நாளிலிருந்தே செலவை அடக்கி வைக்க வேண்டும், புதுக் கார் வேண்டாம், பெரோடுவா செகண்ட் ஹேண்ட் போதும்.

சிங்கப்பூரைப் பற்றிச் சுருக்கமாகச் சொன்னால் போதும், ஏனென்றால் இடம் கிடைத்தால் யோசிக்க அதிகம் இல்லை. அங்குள்ள என்.டி.யூ பல்கலைக்கழகத்தில் முப்பரிமாண அச்சுக்கென்றே தனி மையம் இருக்கிறது, என்.யூ.எஸ் பல்கலைக்கழகத்தில் பயோமெடிக்கல் துறை இருக்கிறது. வெளிநாட்டு மாணவர்களுக்கான சிங்கா உதவித்தொகையில் நான்கு ஆண்டு வரை கட்டணமும் மாதப் படியும் கிடைக்கும். ஒரு டாலர் மூன்று வெள்ளிக்கு மேல் போகும் காலத்தில் அந்தப் படியில் மிச்சம் பிடித்து வீட்டுக்கும் அனுப்பலாம். போட்டி கடுமை, அது ஒன்றுதான். அங்கே போனவர்களிடம் நான் காணும் குறை வேறு. எல்லாம் தயாராகக் கிடைக்கும் ஆய்வகத்தில் பழகியவர்கள் இங்கே திரும்பினால் திணறுகிறார்கள். திரும்பும் எண்ணமே இல்லை என்றால் அந்தக் கவலையும் இல்லை. ஆஸ்திரேலியாவில் உல்லோங்கோங், மெல்பர்ன் பக்கம் குருத்தெலும்புக்காக நோயாளியின் மூட்டிலேயே நேரடியாக வரையும் பயோபென் போன்ற அருமையான வேலைகள் நடந்திருக்கின்றன. முழு உதவித்தொகை கிடைத்தால் மட்டும் போங்கள், வீட்டை அடமானம் வைத்துப் போகும் படிப்பு இதுவல்ல.

மருத்துவமனைப் பொறியாளர் வேலையும் ஒரு வழியாகச் சொல்லப்படும். அரசு மருத்துவமனைகளில் சாதனப் பராமரிப்பைக் குத்தகை நிறுவனங்கள் பார்க்கின்றன. வென்டிலேட்டர், டயாலிசிஸ் இயந்திரம், கால அட்டவணைப்படி சோதனை. மரியாதையான, நிலையான வேலை. ஆனால் அங்கிருந்து திசு ஆய்வுக்குப் பாதை கிடையாது, அதனால் இந்தக் கணக்கில் நான் சேர்க்கவில்லை.

வெளிநாட்டு பயோபிரிண்டிங் நிறுவனங்களில் நேரடியாகச் சேரலாமா என்றும் கேட்கிறார்கள். ஆர்கனோவோ இந்தத் துறையின் முகமாக இருந்த நிறுவனம், 2007இல் தொடங்கியது. 2019இல் தன் கல்லீரல் சிகிச்சைத் திட்டத்தை நிறுத்திவிட்டு ஆட்களைக் குறைத்தது. ஒரு நிறுவனத்தை நம்பிப் பாதை போடாதீர்கள். மாறாக, மருந்துச் சோதனைக்காகத் திசு செய்யும் பக்கம் வளர்கிறது. 2022 டிசம்பரில் அமெரிக்கா சட்டத்தைத் திருத்தி, புது மருந்துக்கு விலங்குச் சோதனை கட்டாயம் என்ற நிபந்தனையை எடுத்துவிட்டது. ஆய்வகத் திசுவுக்குச் சந்தை திறக்கும் இடம் அது. உடம்புக்குள் வைக்கும் உறுப்புக்கு முன்பே இதில்தான் வேலை பெருகும்.

சரி, நான் யாருக்கு எதைச் சொல்வேன்? வீட்டில் உடனடிக் கடன் நெருக்கடி இல்லை, செல்லோடு மல்லுக்கட்டப் பொறுமை இருக்கிறது என்றால் செராஸில் ஆய்வு முதுகலை. முனைவர் பட்டம் என்று நேரே குதிக்க வேண்டாம், இரண்டு ஆண்டில் இந்த வேலை பிடிக்கிறதா என்று தெரிந்துவிடும், பிடித்தால் அதை வைத்துச் சிங்கப்பூருக்கு விண்ணப்பிக்கலாம். பி.டி.பி.டி.என் தவணையைப் படிப்புக் காலத்தில் ஒத்திவைக்க விண்ணப்பிக்க வழி உண்டு. அப்பாவுக்கு ஓய்வு வயது, தம்பி தங்கை படிக்கிறார்கள் என்றால் தயங்காமல் பினாங்குக்கு வாருங்கள், தரப் பிரிவோ பதிவுப் பிரிவோ கேட்டு வாங்குங்கள், உற்பத்தி வரிசையில் மாட்டிக்கொள்ளாதீர்கள். இயந்திரமும் மென்பொருளும்தான் உங்களுக்குச் சுவை, செல் வளர்ப்பு அலுப்பு என்றால் யு.எம். ஆனால் அப்போது பயோபிரிண்டிங் என்ற சொல்லில் பயோ பகுதி வேறொருவர் கையில் இருக்கும் என்பதை ஏற்றுக்கொண்டு போங்கள்.

எந்த ஆய்வகத்துக்குப் போவதானாலும் மேற்பார்வையாளரை நேரில் பார்க்கும்போது வெட்கப்படாமல் சிலவற்றைக் கேளுங்கள். உங்களிடம் கடைசியாக முடித்த மாணவர்கள் இப்போது எங்கே இருக்கிறார்கள்? செல் எங்கிருந்து வருகிறது, அறுவைக் கூடத்திலிருந்து நெறிமுறைக் குழு ஒப்புதலோடா, இல்லை கடையில் வாங்கிய செல் வரிசையா? வாங்கியது என்றால் நோயாளி இன்னும் வெகு தொலைவில் இருக்கிறார். பிரிண்டரைக் காட்டினால், கடைசியாக அதில் செல்லோடு அச்சிட்டது எப்போது என்று கேளுங்கள். பல இடங்களில் கார்ட்ரிட்ஜ் வாங்கக் காசில்லாமல் துணி போர்த்தி வைத்திருப்பார்கள். கடைசியாக, என் படி எந்த மானியத்திலிருந்து வரும், அதில் எத்தனை மாதம் மிச்சம்? எஃப்.ஆர்.ஜி.எஸ் போன்ற அரசு ஆய்வு மானியங்கள் இரண்டு மூன்று ஆண்டுக்குத்தான். எட்டு மாதம்தான் இருக்கிறது என்று சொன்னால், அடுத்த மானியத்துக்கு விண்ணப்பம் போய்விட்டதா என்று அங்கேயே கேட்டு, பதில் தெளிவாக இல்லையென்றால் அடுத்த ஆய்வகத்தின் கதவைத் தட்டுங்கள்.